தனிநபர் புகார் தள்ளுபடியானால்: சீராய்வு மனு போடும் முறையும் மேல் நீதிமன்றம் பார்க்கும் விதமும்

நடுவர் (மாஜிஸ்திரேட்) நீதிமன்றத்தில், போலீஸ் வழியாக அல்லாமல் நேரடியாகப் போட்ட தனிநபர் புகார் தள்ளுபடியானதும் புகார்தாரர் கேட்கும் முதல் கேள்வி, ‘அப்பீல் போடலாமா?’ என்பதுதான். எதிரிக்கு (குற்றம் சாட்டப்பட்டவருக்கு) சம்மன் போகும் முன்பே புகார் தள்ளுபடியாகியிருந்தால் அப்பீல் கிடையாது. அதற்கு ரிவிஷன், அதாவது சீராய்வு மனுதான் போட வேண்டும். பெயர் மட்டுமல்ல, இரண்டும் வேலை செய்யும் விதமே வேறு. அப்பீலில் வழக்கு முழுவதும் மறுபடி எடைபோடப்படும். சீராய்வில் நடுவர் சட்டப்படி நடந்தாரா, சரியான அளவுகோலை வைத்துப் பார்த்தாரா, முன்னால் இருந்த ஆவணங்களைப் படித்தாரா என்பது மட்டுமே கேள்வி. ‘எனக்கு அநியாயம் நடந்தது’ என்று மட்டும் எழுதிய சீராய்வு மனுக்கள் வரிசையாகத் தோற்பதற்கு இதுதான் காரணம்.

1.7.2024 முதல் குற்றவியல் விசாரணை முறைச் சட்டத்துக்குப் பதிலாக பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா (பி.என்.எஸ்.எஸ்.) நடைமுறையில் இருக்கிறது. கீழே புதிய பிரிவு எண்ணையும், தேவையான இடத்தில் அடைப்புக்குறிக்குள் பழைய எண்ணையும் கொடுத்திருக்கிறோம். தீர்ப்புகளில் பெரும்பாலானவை பழைய எண்ணில்தான் பேசுகின்றன என்பதால் இரண்டும் தெரிந்திருக்க வேண்டும்.

முதல் படி: எந்தக் கட்டத்தில், எந்தப் பிரிவில் தள்ளுபடி?

உத்தரவின் கடைசி வரியை மட்டும் பார்க்காதீர்கள். ‘தள்ளுபடி’ என்ற ஒரே சொல்லுக்குள் பல வகை உத்தரவுகள் ஒளிந்திருக்கும். வகைக்கு ஏற்பப் பரிகாரம் மாறும்.

பிரிவு 223-இல் (200) புகார்தாரரின் சத்தியப் பிரமாண வாக்குமூலம் பதிவான பின்னரோ, பிரிவு 225-இல் (202) சாட்சிகளை விசாரித்த அல்லது போலீஸ் விசாரணை அறிக்கை வாங்கிய பின்னரோ, ‘மேல்நடவடிக்கைக்குப் போதிய முகாந்திரம் இல்லை’ என்று சொன்னால் அது பிரிவு 226 (203) தள்ளுபடி. இந்தக் கட்டுரையின் மையம் இதுதான். பரிகாரம் சீராய்வு.

சம்மன் உத்தரவான பிறகு பேட்டா (சம்மன் அனுப்புவதற்கான கட்டணம்) கட்டாததால் தள்ளுபடியானால் அது பிரிவு 227(4) (204(4)). இதற்கும் சீராய்வுதான்.

‘இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை, உரிய நீதிமன்றத்தில் தாக்கல் செய்க’ என்று புகாரைத் திருப்பித் தந்திருந்தால் அது பிரிவு 224 (201). அது தள்ளுபடியே அல்ல. நடுவர் சொன்னது சரி என்றால் மேலே போய் மாதங்களை வீணாக்காமல், புகாரை உரிய நீதிமன்றத்தில் போடுவதே புத்திசாலித்தனம்.

எதிரி ஆஜரான பின் புகார்தாரர் வராததால் முடிந்த வழக்குகளில்தான் பலர் வழுக்கி விழுகிறார்கள். சம்மன் வழக்காக (இரண்டு ஆண்டு வரை தண்டனைக்குரிய வழக்கு) இருந்தால் பிரிவு 279 (256)-இன் கீழ் அது விடுதலை. விடுதலைக்கு எதிராகச் சீராய்வு நிற்காது, மேல்முறையீடுதான். தனிநபர் புகார் வழக்கில் பிரிவு 419(4) (378(4))-இன் கீழ் உயர் நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி கேட்க வேண்டும். அரசு ஊழியர் அல்லாத புகார்தாரருக்குக் கெடு 60 நாள். காசோலை வழக்கின் புகார்தாரர் ‘பாதிக்கப்பட்டவர்’ என்ற வரையறைக்குள் வருவார், எனவே அவர் சிறப்பு அனுமதி இல்லாமலே மேல்முறையீடு செய்யலாம் என்று 2025-இல் செலஸ்டியம் ஃபைனான்ஷியல் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வாரண்ட் வழக்கில் (இரண்டு ஆண்டுக்கு மேல் தண்டனைக்குரிய வழக்கு) புகார்தாரர் வராததால் பிரிவு 272 (249)-இல் எதிரி விடுவிக்கப்பட்டிருந்தால் அது வெறும் விடுவிப்பு, விடுதலை அல்ல, சீராய்வு நிற்கும். புதிய சட்டத்தில் இந்த இரண்டு பிரிவுகளும் புகார்தாரர் ஆஜராக 30 நாள் அவகாசம் தரச் சொல்கின்றன. அந்த அவகாசம் தரப்படவில்லை என்றால், அது ஒன்றே மேலே எடுத்துச் செல்லத் தகுந்த வலுவான குறை.

போலீஸ் விசாரித்து வழக்கை மூடிய பின் நீங்கள் ஆட்சேபணை மனு போட்டு, நடுவர் அதையே புகாராக எடுத்துப் பின்னர் தள்ளுபடி செய்திருந்தால், அதுவும் முதல் வகையில் சேரும்.

‘அதே நடுவரிடம் மறுபடி மனு போட்டு உத்தரவை ரத்து செய்யச் சொல்லலாமா?’ என்ற யோசனை எல்லோருக்கும் வரும். முடியாது. தான் கையெழுத்திட்ட இறுதி உத்தரவைத் தானே திருப்பிப் போட நடுவருக்கு அதிகாரம் இல்லை. ஆஜராகாததால் தள்ளுபடியான புகாரைக்கூட நடுவர் மீண்டும் கோப்புக்கு எடுக்க முடியாது என்று ஏ.எஸ்.கௌரயா வழக்கில் (1986) உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது.

இரண்டாம் படி: நாள் கணக்கு

சீராய்வுக்குக் காலக்கெடு 90 நாள். இது காலவரையறைச் சட்டத்தின் 131-ஆம் இனத்தில் இருக்கிறது. உத்தரவு தேதியை விட்டுவிட்டு மறுநாளில் இருந்து எண்ண வேண்டும். சான்றிட்ட நகல் வாங்கப் பிடித்த நாட்களையும் கழித்துக்கொள்ளலாம்.

மார்ச் 3-ஆம் தேதி உத்தரவு என்று வைத்துக்கொள்வோம். மார்ச் 4 முதல் எண்ணினால் 90-ஆம் நாள் ஜூன் 1. நகலுக்கு மார்ச் 10-இல் விண்ணப்பித்து 24-இல் நகல் தயாராகியிருந்தால், அந்த 15 நாளும் சேர்ந்து கெடு ஜூன் 16 ஆகிறது. கவனிக்க வேண்டியது: மார்ச் 4 முதல் 9 வரை நீங்கள் சும்மா இருந்த நாட்கள் கழியாது. நகல் தயாரான பிறகு வாங்காமல் விட்ட நாட்களும் கழியாது. ஆகவே உத்தரவு வந்த அன்றே, தாமதித்தால் மறுநாளே, நகல் மனு போட்டுவிடுங்கள். நகலின் பின்பக்கத்தில் விண்ணப்பித்த தேதி, தயாரான தேதி, கொடுத்த தேதி ஆகிய முத்திரைகள் இருக்கின்றனவா என்று அங்கேயே நின்று சரிபாருங்கள். அவை இல்லாவிட்டால் கணக்கு காட்ட வழியில்லை.

கெடு தாண்டிவிட்டால் காலதாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் பிரமாணப் பத்திரமும் சேர்த்துப் போட வேண்டும். ‘உடல்நிலை சரியில்லை’ என்று ஒரு வரி போதாது. எந்தத் தேதியில் இருந்து எந்தத் தேதி வரை, என்ன காரணம், அதற்கு என்ன ஆதாரம் என்று இடைவெளியே இல்லாமல் கணக்குச் சொல்ல வேண்டும்.

மூன்றாம் படி: அமர்வு நீதிமன்றமா, உயர் நீதிமன்றமா?

பிரிவு 438 (397) இரண்டுக்கும் ஒரே அதிகாரத்தைத் தருகிறது. ஆனால் ஒருவருக்கு ஒரு வாய்ப்புதான். பிரிவு 438(3) (397(3))-இன்படி, அமர்வு நீதிமன்றத்தில் சீராய்வு போட்டவர் அதே உத்தரவுக்கு எதிராக உயர் நீதிமன்றத்தில் இன்னொரு சீராய்வு போட முடியாது. உயர் நீதிமன்றம் போனவர் அமர்வு நீதிமன்றம் வர முடியாது.

எங்கள் கருத்து: பெரும்பாலான புகார்களுக்கு அமர்வு நீதிமன்றமே சரி. கீழ்க்கோர்ட்டுக் கட்டு (வழக்கு ஆவணத் தொகுப்பு) பக்கத்திலேயே இருக்கிறது, விரைவில் வரவழைக்கலாம், செலவும் குறைவு. அங்கே தோற்றாலும் உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம் என்ற பிரிவு 528 (482) ஒரு சிறு கதவாக மிச்சமிருக்கும். நேராக உயர் நீதிமன்றம் போனால் ‘முதலில் அமர்வு நீதிமன்றம் போகாதது ஏன்?’ என்ற கேள்விக்குப் பதில் தயாராக இருக்க வேண்டும். நுணுக்கமான சட்டக் கேள்வி எழும் வழக்கென்றால் உயர் நீதிமன்றத்தை நேரடியாக நாடுவதில் அர்த்தம் இருக்கிறது. தமிழ்நாட்டில் தென் மாவட்டங்கள், திருச்சி, தஞ்சாவூர், புதுக்கோட்டை, கரூர் ஆகியவற்றுக்கு மதுரைக் கிளை, மற்றவற்றுக்குச் சென்னை.

நான்காம் படி: கட்டு தயாரிப்பு

தள்ளுபடி உத்தரவின் சான்றிட்ட நகல், புகார், சத்தியப் பிரமாண வாக்குமூலம், 225-இன் கீழ் பதிவான சாட்சி வாக்குமூலங்கள், போலீஸ் அறிக்கை இருந்தால் அதன் நகல், புகாருடன் தாக்கல் செய்த ஆவணங்கள், வக்காலத்து, சீராய்வுக் காரணங்கள். இவற்றைப் பக்க எண்ணிட்டுத் தைத்த ஒரே தொகுப்பாக்குங்கள். காரணங்களில் ஒவ்வொரு இடத்திலும் அந்தப் பக்க எண்ணையே சுட்டுங்கள்.

நடுவர் முன் தாக்கல் செய்யாத புதிய ஆவணம் எதையும் இந்தத் தொகுப்பில் நுழைக்க வேண்டாம். அந்த நாளில் நடுவர் முன் என்ன இருந்ததோ, அதை வைத்துத்தான் சீராய்வு நீதிமன்றம் அவர் உத்தரவைப் பார்க்கும். புதிய ஆவணம் சேர்த்தால் எதிர்த்தரப்பு ‘இது நடுவர் முன் இல்லை’ என்று சொல்லி, உங்கள் நல்ல காரணங்களையும் சேர்த்து மங்கவைத்துவிடும்.

புகாரில் எதிரியாகக் காட்டிய அனைவரையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டும். ஒருவரை விட்டாலும் மனு திரும்பி வரும். வராவிட்டால் பின்னால் அது இன்னும் பெரிய தலைவலி.

ஐந்தாம் படி: சீராய்வுக் காரணங்களை எழுதுவது

வழக்கின் உயிர் இங்கேதான் இருக்கிறது. ஓர் உதாரணத்தை எடுத்துக்கொள்வோம். அண்ணன் வெளிநாட்டில் இருந்த நாளில், அவர் கையெழுத்தைப் போலியாகப் போட்டுத் தம்பி ஒரு விடுதலைப் பத்திரத்தை (சொத்தில் உள்ள பங்கை விட்டுக்கொடுக்கும் பத்திரம்) பதிவு செய்திருக்கிறார். அண்ணன் தனிநபர் புகார் போடுகிறார். அன்று அவர் நாட்டில் இல்லை என்பதைக் காட்டும் பாஸ்போர்ட் முத்திரைப் பக்கம், பதிவு அலுவலகப் பத்திர நகல், வங்கியில் உள்ள மாதிரிக் கையெழுத்து என மூன்று ஆவணங்கள். நடுவரின் உத்தரவு இப்படி முடிகிறது: ‘புகார், வாக்குமூலம், ஆவணங்கள் பரிசீலிக்கப்பட்டன. இதே சொத்து தொடர்பாக உரிமையியல் வழக்கு நிலுவையில் உள்ளது. கையெழுத்து போலி என்பது நிரூபிக்கப்படவில்லை. முகாந்திரம் இல்லை என்பதால் புகார் தள்ளுபடி செய்யப்படுகிறது.’

இதற்கு எதிராக ‘நடுவரின் உத்தரவு சட்டத்துக்கும் நீதிக்கும் புறம்பானது’ என்று எழுதினால் அதில் ஒன்றுமில்லை. இந்த நான்கு வரி உத்தரவில் மூன்று தனித்தனிப் பிழைகள் இருக்கின்றன. ஒவ்வொன்றையும் தனிக் காரணமாகப் பிரித்தெழுத வேண்டும்.

‘நிரூபிக்கப்படவில்லை’ என்பது முதல் பிழை. சம்மன் அனுப்பும் கட்டத்தில் பார்க்க வேண்டியது மேல்நடவடிக்கைக்குப் போதிய அடிப்படை இருக்கிறதா என்பதே தவிர, தண்டனைக்குப் போதிய சான்று இருக்கிறதா என்பதல்ல. சந்திர தேவ் சிங் வழக்கு (1963) முதல் நாகவ்வா வழக்கு (1976) வரை உச்ச நீதிமன்றம் இந்த வித்தியாசத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. அளவுகோலே தவறு என்பது சட்டப் பிழை, சீராய்வுக்கு இதைவிட வலுவான காரணம் அபூர்வம்.

‘பரிசீலிக்கப்பட்டன’ என்ற ஒற்றைச் சொல் இரண்டாவது. தள்ளுபடி செய்யும்போது காரணங்களைச் சுருக்கமாகவாவது பதிவு செய்ய வேண்டும் என்று பிரிவு 226 கட்டாயப்படுத்துகிறது. சம்மன் உத்தரவு சுருக்கமாக இருந்தால் மேல் நீதிமன்றங்கள் சில சமயம் பொறுத்துக்கொள்ளும்; தள்ளுபடி உத்தரவு அப்படி இருக்கக் கூடாது, சட்டமே வாய்விட்டுச் சொல்லியிருக்கிறது. காரணத்தை இப்படி எழுதலாம்: ‘தொகுப்பின் 14-ஆம் பக்கத்திலுள்ள பாஸ்போர்ட் முத்திரையின்படி, பத்திரம் பதிவான நாளில் புகார்தாரர் இந்தியாவில் இல்லை. உத்தரவில் இந்த ஆவணத்தைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை.’ தேதி, பக்க எண், உத்தரவின் மௌனம் மூன்றும் ஒரே பத்தியில் இருக்கும்போது நீதிபதி கட்டைப் புரட்டாமலே குறையைப் பார்த்துவிடுவார்.

சிவில் வழக்கு நிலுவையில் இருப்பது மூன்றாவது. ஒரே நிகழ்விலிருந்து உரிமையியல் பரிகாரமும் குற்ற நடவடிக்கையும் எழலாம், ஒன்று மற்றொன்றைத் தானாக அடைத்துவிடாது என்பது இந்தியன் ஆயில் கார்ப்பரேஷன் - என்இபிசி வழக்கின் (2006) நிலைப்பாடு. ஆனால் அதே தீர்ப்பு, சிவில் தகராறுகளுக்குக் குற்றச் சாயம் பூசும் போக்கையும் கண்டித்திருக்கிறது. ஆகவே தீர்ப்பைச் சுட்டினால் மட்டும் போதாது. குற்றத்தின் உறுப்புகள் (இங்கே போலிக் கையெழுத்து, அதைத் தெரிந்தே பயன்படுத்தியது) எந்தெந்த ஆவணத்தில் தெரிகின்றன என்று காட்டியே தீர வேண்டும். பணம் வாங்கித் திருப்பித் தராத வழக்குகள் இந்த இடத்தில்தான் பெருமளவில் தோற்கின்றன. ஆரம்பத்திலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்தது என்பதற்குப் புகாரிலேயே ஒரு செய்தியும் இல்லாவிட்டால் எந்தச் சீராய்வும் அதை உண்டாக்கித் தராது.

இந்த வகைப் புகாரில் இன்னொரு தவறான தள்ளுபடியும் அடிக்கடி வரும்: ‘பத்திரம் சிவில் நீதிமன்றத்தில் தாக்கலாகிவிட்டது, எனவே பிரிவு 215 (195)-இன்படி அந்த நீதிமன்றம்தான் புகார் தர வேண்டும்.’ ஆவணம் நீதிமன்றக் காவலில் இருக்கும்போது போலி செய்யப்பட்டால்தான் இந்தத் தடை பொருந்தும், வெளியே போலி செய்து பிறகு தாக்கல் செய்ததற்குப் பொருந்தாது என்று இக்பால் சிங் மர்வா வழக்கில் (2005) அரசியல் சாசன அமர்வு முடிவு செய்துவிட்டது.

காலக்கெடுவைக் காட்டித் தள்ளுபடி செய்திருந்தால் சாரா மேத்யூ வழக்கை (2014) பாருங்கள். பிரிவு 514 (468) கணக்குக்குப் புகார் தாக்கலான தேதிதான் முக்கியம், நடுவர் அதைக் கோப்புக்கு எடுத்த (குற்றத்தைக் கவனத்தில் எடுத்துக்கொண்ட) தேதி அல்ல. அமர்வு நீதிமன்றம் மட்டுமே விசாரிக்கத்தக்க குற்றமென்றால், நடுவர் 225-இன் கீழ் விசாரிக்கும்போது புகார்தாரரின் சாட்சிகள் அனைவரையும் ஆஜர்படுத்தச் சொல்லிப் பிரமாணத்தின் பேரில் விசாரித்தாரா என்பதையும் சரிபாருங்கள். ‘அனைத்துச் சாட்சிகளும்’ என்பது புகார்தாரர் விசாரிக்க விரும்பும் சாட்சிகளைத்தான் குறிக்கும் என்று ஷிவ்ஜீ சிங் வழக்கு (2010) விளக்கியிருக்கிறது. பட்டியலில் உள்ள ஒருவர் வரவில்லை என்பதற்காக மட்டும் தள்ளுபடி செய்தது நிற்காது.

எதிலிருந்து விலகி நிற்க வேண்டும் என்பதும் முக்கியம். இரண்டு சாட்சிகளின் வாக்குமூலத்தைப் படித்து, உண்மையான முரண்பாட்டைச் சுட்டிக்காட்டி, நம்பவில்லை என்று நடுவர் எழுதியிருந்தால், ‘நான் வேறு மாதிரி முடிவெடுத்திருப்பேன்’ என்பதற்காகச் சீராய்வு நீதிமன்றம் அதைக் கலைக்காது. அப்படிப்பட்ட உத்தரவை உடைக்க, நியாயமான எவரும் அந்த முடிவுக்கு வந்திருக்க முடியாது என்று காட்டியாக வேண்டும். இந்தப் பளுவைத் தூக்க முடியாத வழக்குகளில் சீராய்வைத் தவிர்ப்பதே நல்ல ஆலோசனை.

ஆறாம் படி: எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ்

பழைய சட்டத்தின்படி சம்மன் வரும்வரை நடுவர் நீதிமன்றத்தில் எதிரிக்குப் பேச்சுரிமை இல்லை. அதே நினைப்பில், சீராய்விலும் நோட்டீஸ் தேவையில்லை என்று பலர் எண்ணினார்கள். மன்ஹரிபாய் காகடியா வழக்கில் (2012) உச்ச நீதிமன்றம் இதற்கு முற்றுப்புள்ளி வைத்தது. பிரிவு 442(2) (401(2))-இன்படி ஒருவருக்குப் பாதகமான உத்தரவை அவரைக் கேட்காமல் சீராய்வில் போட முடியாது. புகார் தள்ளுபடியானது எதிரிக்குச் சாதகமான நிலை. அதைக் கலைக்கும் முன் அவரைக் கேட்டே ஆக வேண்டும்.

எதிரிகள் தாமதப்படுத்துவார்களே என்று நோட்டீஸ் இல்லாமலே சாதகமான உத்தரவு வாங்கப் பார்க்காதீர்கள். அந்த உத்தரவை எதிரி உயர் நீதிமன்றத்தில் ஒரே தேதியில் ரத்து செய்ய வைத்துவிடுவார்; வழக்கு மறுபடி சீராய்வின் முதல் பக்கத்துக்கே வரும், இடையில் மாதங்கள் போயிருக்கும். சரியான முகவரி, பேட்டா, நோட்டீஸ் எதிரியிடம் சேர்ப்பிக்கப்பட்டதற்கான பதிவு ஆகியவற்றில் நேரம் செலவிடுவது வீணில்லை.

ஏழாம் படி: விசாரணையும் உத்தரவும்

சீராய்வில் வாய்மொழிச் சாட்சி கிடையாது. கீழ்க்கோர்ட்டுக் கட்டு வந்ததும் இரு தரப்பு வாதம், பிறகு உத்தரவு. கட்டு வராமல் வாய்தா தள்ளிப்போவதுதான் நடைமுறையில் பெரிய தாமதம். கட்டை வரவழைக்கும் கடிதம் அனுப்பப்பட்டதா என்று அலுவலகத்தில் கேட்டுக்கொண்டே இருங்கள்.

வாதத்துக்கு முன் இரண்டு பக்கத்தில் ஒரு தேதிப் பட்டியல் தயார் செய்யுங்கள்: புகார் தேதி, வாக்குமூலம் பதிவான தேதி, ஆவணங்கள், உத்தரவு. எந்த நிவாரணம் கேட்கிறீர்கள் என்பதையும் சரியாக எழுதுங்கள். ‘எதிரிகளுக்குத் தண்டனை வழங்க வேண்டும்’ என்ற கோரிக்கைக்குச் சீராய்வில் இடமே இல்லை. ‘தள்ளுபடி உத்தரவை ரத்து செய்து, சட்டப்படி புதிதாகப் பரிசீலிக்க நடுவருக்கு உத்தரவிட வேண்டும்’ என்பதே பாதுகாப்பான கோரிக்கை. தள்ளுபடியான புகாரின் மீது மேல்விசாரணைக்கு உத்தரவிடும் அதிகாரம் பிரிவு 439 (398)-இல் தனியாகவே இருக்கிறது. அதையும் மாற்றுக் கோரிக்கையாகச் சேர்த்துவிடுங்கள். நேரடியாகச் சம்மன் அனுப்பச் சொல்லும் உத்தரவு வாங்கினால் மகிழ்ச்சி தற்காலிகம்தான்; நடுவர் தன் மனதைச் செலுத்தவில்லை என்ற வாதத்தை எதிரியின் கையில் நாமே கொடுத்ததாகிவிடும்.

சீராய்வும் தோற்றால்

இரண்டு வழிகள் உண்டு. இரண்டுமே குறுகலானவை.

முதலாவது, உயர் நீதிமன்றத்தில் பிரிவு 528 மனு. இரண்டாவது சீராய்வுக்குத் தடை இருந்தாலும் உள்ளார்ந்த அதிகாரம் சாகவில்லை என்று கிருஷ்ணன் - கிருஷ்ணவேணி வழக்கு (1997) சொல்கிறது. ஆனால் மாறுவேடத்தில் வரும் இரண்டாவது சீராய்வாக அது தெரிந்தால் முதல் வாய்தாவிலேயே முடிந்துவிடும். அப்பட்டமான அநீதி அல்லது சட்ட நடைமுறையின் துஷ்பிரயோகம் தெரிய வேண்டும்.

இரண்டாவது, புதிய புகார். பிரிவு 226 தள்ளுபடி விடுதலை அல்ல, எனவே இரட்டை விசாரணைத் தடை இல்லை. ஆனால் பிரமதநாத் தாலுக்தார் வழக்கு (1962) வகுத்த விதி கடுமையானது: முதல் உத்தரவு முழுமையற்ற பதிவின் மேல் பிறந்தது, புகாரைத் தவறாகப் புரிந்துகொண்டது, வெளிப்படையாக அபத்தமானது, அல்லது முன்பு தகுந்த முயற்சி செய்தும் கிடைக்காத புதிய ஆதாரம் இப்போது வந்திருக்கிறது. இப்படி விதிவிலக்கான சூழல் இருந்தால்தான் இரண்டாம் புகார் நிற்கும். அதே சாரத்தைப் புதிய வார்த்தையில் எழுதிப் போட்ட புகாரை சம்தா நாயுடு வழக்கில் (2020) உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. புகார்தாரர் வராததால் மட்டும் தள்ளுபடியாகி, தகுதி அடிப்படையில் எதுவும் பேசப்படாத புகார் என்றால் நிலைமை இலகு; புதிய புகாருக்குத் தடையில்லை என்று ஜதீந்தர் சிங் வழக்கு (2001) சொல்கிறது. முதல் புகார் தள்ளுபடியானதை இரண்டாவதில் மறைக்கக் கூடாது. மறைத்தது தெரிந்தால் நல்ல புகாரும் அந்த ஒரு காரணத்தாலேயே போய்விடும்.

சீராய்வு வென்று கட்டு திரும்பினால்

வழக்கு நடுவரிடம் தானாக ஓடத் தொடங்காது. உத்தரவின் நகலுடன் நடுவர் நீதிமன்றம் சென்று, கட்டு வந்து சேர்ந்ததா, எந்தத் தேதிக்குப் பட்டியலிடப்பட்டுள்ளது என்று கேட்டு வாங்க வேண்டும். இல்லாவிட்டால் நீங்கள் அறியாத ஒரு தேதியில், நீங்கள் வரவில்லை என்றே மறுபடி தள்ளுபடியாகலாம்.

புகார் 1.7.2024-க்குப் பின் தாக்கலானதா என்றும் பாருங்கள். புதிய சட்டத்தின் பிரிவு 223(1)-இன் முதல் காப்புரை (பிரிவோடு சேர்ந்த நிபந்தனை), எதிரியைக் கேட்காமல் நடுவர் குற்றத்தைக் கோப்புக்கு எடுக்கக் கூடாது என்கிறது. 2025-இல் குஷல் குமார் அகர்வால் வழக்கில், இந்த வாய்ப்பு தரப்படாததற்காகவே கோப்புக்கு எடுத்த உத்தரவை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. சீராய்வில் எதிரி பேசிவிட்டார் என்பதால் நடுவர் முன் இந்த நோட்டீஸைத் தவிர்த்துவிட முடியும் என்று எண்ண வேண்டாம். புகாரின் நகல், வாக்குமூலம், ஆவணங்கள் ஆகியவற்றை எதிரிகளின் எண்ணிக்கைக்கு ஏற்பத் தயாராக வைத்துக்கொண்டு அந்த முதல் வாய்தாவுக்குப் போங்கள்.